40 லட்ச ரூபாய் வீட்டுக்கு 78 லட்சம்!

வணிகர்களுக்கும் இளைஞர்களுக்கும் நடத்தப்பட்ட வழிகாட்டல் கூட்டத்தில், கணக்கு எழுதும் தொழிலில் உள்ள சகோதரர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்.

 

வட்டி வாங்குவதும் கொடுப்பதும் ஹராம் என்பதில் நமக்குள் இரண்டு கருத்து இல்லை. அதை விளக்கிச் சொல்ல ஆலிம் பெருமக்கள் இருக்கிறார்கள். நான் ஆலிம் அல்ல. கடைகளுக்குக் கணக்கு எழுதிப் பிழைப்பவன். நான் பேச வந்தது கணக்கு. நம்மில் பலர் வீட்டுக் கடன் வாங்கியிருக்கிறார்கள் என்பதும், இன்னும் பலர் வாங்கலாமா என்று யோசிக்கிறார்கள் என்பதும் எல்லோருக்கும் தெரிந்த உண்மை. வாங்கியவர் என்ன விலை கொடுக்கிறார், வாங்கப் போகிறவர் என்ன விலை கொடுப்பார் என்பதைத்தான் இன்று பார்க்கப் போகிறோம்.

பாதி முடிந்துவிட்டது என்று நினைத்தவர்

எனக்குத் தெரிந்த சகோதரர் ஒருவர் இரும்புச் சாமான் கடை வைத்திருக்கிறார். 20 வருடத் தவணையில் 30 லட்சம் ரூபாய் கடன் வாங்கி வீடு வாங்கினார். ஒரு மாதம்கூடத் தவணை தவறியதில்லை. கடையில் வியாபாரம் இல்லாத மாதத்தில் மனைவியின் நகையை அடகு வைத்துக் கட்டியிருக்கிறார். பத்து வருடம் ஓடியது. ஊரில் இருந்த ஒரு மனையை விற்றதில் அவர் பங்காக 7 லட்சம் கிடைத்தது. என்னிடம் வந்தார்.

"பாய், பத்து வருஷம் கட்டிட்டேன். பாதிக் கடன் முடிஞ்சிருக்கும். மிச்சம் 15 லட்சம். இந்த 7 லட்சத்தைக் கட்டிட்டா 8 லட்சம்தான் பாக்கி. சரிதானே?" என்றார்.

வங்கியில் கணக்குச் சீட்டு வாங்கி வரச் சொன்னேன். வாங்கி வந்தார். பாக்கி 21 லட்சத்துக்கு மேல் இருந்தது. அந்த மனிதர் சீட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "நான் இதுவரைக்கும் 32 லட்சம் கட்டியிருக்கேனே, வாங்கினதே 30 லட்சம்தானே?" என்று கேட்டார். வங்கி ஏமாற்றிவிட்டது என்றே நினைத்தார்.

வங்கி ஏமாற்றவில்லை சகோதரர்களே! கணக்கு சரியாகத்தான் இருந்தது. கையெழுத்துப் போட்ட அன்று அந்தக் கணக்கை அவருக்கு யாரும் சொல்லவில்லை, அவரும் கேட்கவில்லை. பத்து ரூபாய் சரக்குக்கு எட்டு கடை ஏறி இறங்கி விலை விசாரிக்கும் வியாபாரி, தன் வாழ்நாளிலேயே பெரிய கொள்முதலுக்கு மொத்த விலை கேட்கவில்லை. மாதம் எவ்வளவு என்று மட்டும் கேட்டார்.

தவணைக்குள் என்ன இருக்கிறது?

வட்டி விகிதம் அவ்வப்போது மாறும். கணக்கு எளிதாக இருப்பதற்காக 9 சதவீதம் என்று வைத்துக் கொள்வோம். 30 லட்சம் கடன், 20 வருடம். மாதத் தவணை ரூ.26,992. முதல் மாதத் தவணையில் வட்டி மட்டும் ரூ.22,500. அசலில் கழிவது ரூ.4,492தான். காரணம் எளிது. முதல் மாதம் 30 லட்சம் முழுவதற்கும் வட்டி போட வேண்டும். அசல் மெல்ல மெல்லக் குறைந்தால்தான் வட்டியும் குறையும். ஆரம்ப வருடங்களில் நாம் கட்டுவது பெரும்பாலும் வட்டி. கடைசி வருடங்களில்தான் பெரும்பாலும் அசல்.

ஐந்து வருடம் கட்டி முடித்தபோது மொத்தம் 16 லட்சத்து 19 ஆயிரம் கட்டியிருப்பீர்கள். அதில் அசலுக்குப் போனது 3 லட்சத்து 39 ஆயிரம். பத்து வருடம் முடிந்தபோது கட்டியது 32 லட்சத்து 39 ஆயிரம். பாக்கி 21 லட்சத்து 30 ஆயிரம். பாதி அசல் தீர்வதற்கு ஏறத்தாழ 14 வருடம் ஆகும். பாதிக் காலம் போனால் பாதிக் கடன் போகும் என்பது நம் மனக்கணக்கு. வட்டிக் கணக்கு அப்படி ஓடுவதில்லை.

20 வருடமும் கட்டி முடித்தால் மொத்தம் 64 லட்சத்து 78 ஆயிரம். வாங்கியது 30, வட்டி மட்டும் 34 லட்சத்து 78 ஆயிரம்.

இத்துடன் முடிந்ததா? இல்லை. வீட்டின் விலை 40 லட்சம் என்று வைத்துக் கொள்ளுங்கள். 30 லட்சம் கடன் போக 10 லட்சம் கைப்பணம். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். 40 லட்சத்துக்கு அது 3 லட்சத்து 60 ஆயிரம். பொதுவாக இதற்கு வங்கி கடன் தராது. நம் கையிலிருந்துதான் போக வேண்டும். எல்லாவற்றையும் கூட்டிப் பாருங்கள்: 10 லட்சம், 3 லட்சத்து 60 ஆயிரம், 64 லட்சத்து 78 ஆயிரம். 78 லட்சத்து 38 ஆயிரம்! பத்திரத்தில் எழுதிய விலை 40 லட்சம். உங்கள் கையிலிருந்து போகும் விலை 78 லட்சம். வக்கீல் கட்டணம், கடன் பரிசீலனைக் கட்டணம், மூலப் பத்திரத்தை வங்கியில் ஒப்படைத்ததைப் பதிவு செய்யும் செலவு ஆகியவை இதில் சேரவில்லை.

வியாபாரிகளுக்கு இன்னொரு செலவும் உண்டு. அந்த 10 லட்சமும் பத்திரச் செலவும் பெரும்பாலும் கடையின் முதலிலிருந்துதான் எடுக்கப்படுகிறது. ரொக்கத்துக்குச் சரக்கு எடுத்தவர் கடனுக்கு எடுக்கத் தொடங்குகிறார்; ரொக்கத் தள்ளுபடி போய்விடுகிறது. வீட்டுக் கணக்கில் எழுதப்படாத அந்த நஷ்டம் கடைக் கணக்கில் வந்து உட்காரும்.

"தவணை குறைவு" என்ற பேச்சு

"மாதத் தவணையைக் குறைத்துத் தருகிறோம்" என்று சொல்லும்போது நாம் மகிழ்ந்து போகிறோம். எப்படிக் குறைக்கிறார்கள்? காலத்தை நீட்டித்துத்தான்.

அதே 30 லட்சம், அதே 9 சதவீதம். 30 வருடம் என்றால் தவணை ரூ.24,139. இருபது வருடத் தவணையைவிட மாதம் ரூ.2,853 குறைவு. ஆனால் மொத்தம் கட்டுவது 86 லட்சத்து 90 ஆயிரம். அதாவது 22 லட்சம் கூடுதல்! மாறாக, 15 வருடம் என்றால் தவணை ரூ.30,428. மாதம் ரூ.3,436 அதிகம், ஒரு நாளைக்கு 115 ரூபாய். மொத்தம் 54 லட்சத்து 77 ஆயிரம். 10 லட்சம் மிச்சம்! வட்டி விகிதத்தில் கால் சதவீதம் குறைக்கப் பேரம் பேசுகிறோம். பேரம் பேச வேண்டியதுதான். ஆனால் அதைவிடப் பெரிய தொகை தவணைக் காலத்தில் ஒளிந்திருக்கிறது என்பதை மறந்துவிடக் கூடாது.

வட்டி உயர்ந்தபோது நடந்தது

வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டிக் கடன்கள். 2019 அக்டோபரிலிருந்து வங்கிகள் தரும் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோல் ஒன்றுடன் இணைக்கப்பட வேண்டும் என்பது ரிசர்வ் வங்கியின் விதி. பல வங்கிகள் ரெப்போ விகிதத்துடன் இணைத்தன. 2022 மே மாதத்தின் தொடக்கத்தில் 4 சதவீதமாக இருந்த ரெப்போ, 2023 பிப்ரவரிக்குள் 6.5 சதவீதமானது. இரண்டரை சதவீத உயர்வு. 7 சதவீதத்தில் வாங்கிய கடன் 9.5 சதவீதமானது.

இதன் விளைவைப் பாருங்கள். 7 சதவீதத்தில் 30 லட்சம், 20 வருடத்துக்கு வாங்கியவரின் தவணை ரூ.23,259. ஒரு வருடம் கட்டிய பின் பாக்கி 29 லட்சத்து 28 ஆயிரத்துச் சொச்சம். உயர்வு படிப்படியாகத்தான் வந்தது. புரிவதற்காக அந்த ஒரே சமயத்தில் வந்ததாக வைத்துக் கொள்வோம். 9.5 சதவீதத்தில் அந்தப் பாக்கிக்கு ஒரு மாத வட்டி ரூ.23,185. தவணையை மாற்றாமல் விட்டால் அசலில் கழிவது எவ்வளவு தெரியுமா? 74 ரூபாய்! ஒரு மாதம் முழுக்க உழைத்துக் கட்டிய தவணையில் 74 ரூபாய்! இந்த வேகத்தில் போனால் கடன் தீர ஏறத்தாழ 60 வருடம் ஆகும்.

தவணை அப்படியே இருக்கிறது, வங்கி நமக்கு உதவி செய்திருக்கிறது என்று பலர் நினைத்துக் கொண்டிருந்தார்கள். உண்மையில் நீண்டது காலம். இதில் குறைகள் பெருகியதால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி உத்தரவு போட்டது. வட்டி மாற்றத்தால் தவணையோ காலமோ மாறினால் கடன்காரருக்குத் தெரிவிக்க வேண்டும். தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டும் கலந்தா என்று அவர் தேர்ந்தெடுக்க வாய்ப்புத் தர வேண்டும். காலத்தை நீட்டினாலும் தவணை அந்த மாத வட்டியையாவது ஈடுகட்ட வேண்டும் என்பது அதன் சாரம். உரிமை இருக்கிறது. ஆனால் கேட்பவனுக்குத்தான் உரிமை. செல்போனில் வந்த குறுஞ்செய்தியைப் படிக்காமல் அழித்துவிட்டு, பிறகு வங்கியைக் குறை சொல்லிப் பயனில்லை.

2025-இல் ரெப்போ பல முறை குறைக்கப்பட்டது. உங்கள் கடனில் அந்தக் குறைப்பு வந்திருக்கிறதா? பழைய முறையிலான கடனாக இருந்தால் தானாக வராமல் போகலாம். நாளைக்கே கடன் கணக்கை எடுத்துப் பாருங்கள்.

"பணத்தின் மதிப்பு குறைகிறதே?"

ஒரு இளைஞர் கேட்கலாம்: "20 வருடத்தில் ரூபாயின் மதிப்பு குறையும், வாடகை ஏறும், மனை விலையும் ஏறும். அப்படியிருக்க 78 லட்சம் என்று பயமுறுத்துவது சரியா?"

நியாயமான கேள்வி. 20 வருடம் கழித்துக் கட்டும் 27 ஆயிரம் இன்றைய 27 ஆயிரத்துக்குச் சமம் அல்ல. வாடகை மிச்சமாவதும் உண்மை. ஆகவே அந்த வட்டி முழுவதும் வீண் என்று சொல்ல மாட்டேன். ஆனால் இரண்டு விஷயங்களைச் சிந்தியுங்கள். வீட்டு விலை ஏறும் என்பது எதிர்பார்ப்பு. தவணை கட்ட வேண்டும் என்பது கட்டாயம். மாதச் சம்பளக்காரருக்கு வருமானம் ஓரளவு நிச்சயம். வியாபாரிக்கு அப்படியா? 2020 ஊரடங்கில் கடை ஷட்டர்கள் மூடியிருந்த மாதங்களை மறந்துவிட்டோமா? அப்போது தவணையைத் தள்ளிப் போட அனுமதி கிடைத்தது. ஆனால் அந்த மாதங்களுக்கும் வட்டி ஓடிக்கொண்டுதான் இருந்தது.

தவணை 90 நாட்களுக்கு மேல் நின்றால் அது வாராக் கடன். 2002-ஆம் ஆண்டின் சர்ஃபாசி சட்டப்படி வங்கி 60 நாள் நோட்டீஸ் கொடுத்து, அதற்குள் பணம் கட்டாவிட்டால், வழக்குப் போட்டுத் தீர்ப்புக்குக் காத்திராமலேயே வீட்டை எடுக்கும் நடவடிக்கையைத் தொடங்கலாம். ஜாமீன் கையெழுத்துப் போட்ட அண்ணன் தம்பியும் அந்தக் கடனுக்குப் பொறுப்பாளிதான்.

"வரிச் சலுகை கிடைக்குமே" என்றும் சொல்வார்கள். 2023-24 நிதியாண்டிலிருந்து புதிய வரிமுறைதான் இயல்பாகப் பொருந்துகிறது. அந்த முறையில், தானே குடியிருக்கும் வீட்டின் கடன் வட்டிக்குக் கழிவு இல்லை. நீங்கள் எந்த முறையில் இருக்கிறீர்கள் என்று பார்த்துவிட்டுப் பேசுங்கள்.

பெயரைப் பார்க்காமல் தொகையைக் கேளுங்கள்

"வட்டியில்லாமல் வீடு வாங்க வழி இல்லையா?" என்று பலர் கேட்கிறார்கள். வங்கியும் வாங்குபவரும் கூட்டாக வீட்டை வாங்கி, வங்கியின் பங்கை அவர் சிறிது சிறிதாக வாங்கிக் கொள்ளும் முறை மலேசியாவிலும் பிரிட்டனிலும் இருக்கிறது. நம் நாட்டில் 2008-இல் ரகுராம் ராஜன் குழு வட்டியில்லா வங்கி முறையைப் பரிந்துரைத்தது. ஆனால் அந்த யோசனையை மேற்கொண்டு தொடரப் போவதில்லை என்று ரிசர்வ் வங்கி முடிவு செய்தது 2017-இல் தெரியவந்தது. ஆகவே இங்கே யாராவது "ஹலால் வீட்டுத் திட்டம்" என்று நோட்டீஸ் கொடுத்தால், உணர்ச்சிவசப்பட்டுப் பணத்தைக் கொடுத்துவிடாதீர்கள். பத்திரம் யார் பெயரில்? மொத்தம் எவ்வளவு கட்ட வேண்டும்? இடையில் விலகினால் என்ன கிடைக்கும்? எழுத்தில் கேளுங்கள்.

கடன் இல்லாமல் கட்டிய நம் பெரியவர்கள் என்ன செய்தார்கள்? முதலில் மனை, பிறகு அஸ்திவாரம், வெளிநாட்டிலிருந்து பணம் வரும்போது சுவர், அடுத்த முறை கூரை. பூசாத சுவருக்குள் ஐந்து வருடம் குடியிருந்தார்கள். அது கேவலம் என்று நாம் நினைக்க ஆரம்பித்த பிறகுதான் கடன் பெருகியது. முதல் நாளிலேயே மாடியும் மார்பிளும் வேண்டும் என்ற எண்ணத்துக்கும் ஒரு விலை உண்டு.

ஏற்கெனவே சிக்கியவர்கள் என்ன செய்வது?

ஒன்று: தவணை அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். ஒவ்வொரு மாதமும் வட்டி எவ்வளவு, அசல் எவ்வளவு, பாக்கி எவ்வளவு என்று அதில் இருக்கும். 2024 அக்டோபரிலிருந்து, புதிதாகக் கடன் வாங்குவோருக்கு எல்லாக் கட்டணங்களையும் சேர்த்த வருடாந்திர விகிதத்துடன் முக்கிய விவரக் குறிப்பு ஒன்றை முன்கூட்டியே கொடுக்க வேண்டும் என்பது விதி. அதைப் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

இரண்டு: கடனுடன் சேர்த்துக் கட்டும் காப்பீட்டைக் கவனியுங்கள். "60 ஆயிரம்தான், கடனிலேயே சேர்த்துவிடுகிறோம்" என்பார்கள். 20 வருடம் 9 சதவீதத்தில் அந்த 60 ஆயிரம் 1 லட்சத்து 29 ஆயிரமாகிறது. கடன் பெற அது கட்டாயம் என்று எந்தச் சட்டமும் சொல்லவில்லை.

மூன்று: கையில் வரும் பணத்தை அசலில் கட்டுங்கள். தனிநபர்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைக்க வங்கி அபராதம் வாங்கக் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி உத்தரவிட்டிருக்கிறது. வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டி வந்தால்கூட, நாம் பார்த்த 20 வருடக் கடன் 16 வருடம் 7 மாதத்தில் முடியும். மொத்தச் செலவில் ஏறத்தாழ 6 லட்சத்து 90 ஆயிரம் மிச்சம்.

நான்கு: அப்படிக் கட்டும்போது "காலத்தைக் குறையுங்கள், தவணையைக் குறைக்க வேண்டாம்" என்று எழுதிக் கொடுங்கள். முதலில் சொன்ன சகோதரருக்கு நடந்தது இதுதான். அவருடைய 7 லட்சத்தை வாங்கிக் கொண்டு தவணையைக் குறைத்துத் தருவதாக வங்கியில் சொன்னார்கள். அப்படிச் செய்திருந்தால் தவணை 18 ஆயிரமாகக் குறைந்திருக்கும். மீதிப் பத்து வருடத்தில் 3 லட்சத்து 64 ஆயிரம் வட்டி மிச்சமாகியிருக்கும். தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைத்தார். பத்து வருடம் பாக்கி என்பது 5 வருடம் 8 மாதமானது. மிச்சம் 7 லட்சத்துக்கு மேல். பணம் ஒன்றுதான். சொன்ன வார்த்தையில்தான் வித்தியாசம்.

ஐந்து: கடன் முடிந்ததும் மூலப் பத்திரத்தைக் கையோடு வாங்குங்கள். 30 நாளுக்குள் திருப்பித் தர வேண்டும். வங்கியின் தவறால் தாமதமானால் நாளொன்றுக்கு 5 ஆயிரம் ரூபாய் இழப்பீடு என்று 2023-இல் ரிசர்வ் வங்கி விதித்திருக்கிறது. சார்பதிவாளர் அலுவலகத்தில் அடமானப் பதிவை ரத்து செய்யவும் மறக்காதீர்கள். இல்லாவிட்டால் தீர்ந்த கடன் வில்லங்கச் சான்றில் தீராத கடனாகவே நிற்கும்.

அன்பிற்குரியவர்களே! அந்த இரும்புக்கடைச் சகோதரர் கடைசியாக என்னிடம் சொன்னதை இங்கே சொல்லி முடிக்கிறேன். "பாய், இந்தக் கணக்கை மொதல்லயே யாராவது போட்டுக் காட்டியிருந்தா, நான் இந்த வீட்டை வாங்கியிருக்க மாட்டேன். இதைவிடச் சின்ன வீடா வாங்கியிருப்பேன்" என்றார். அடுத்த வாரம் தன் மருமகனை என்னிடம் அழைத்து வந்தார். அவரும் கடனுக்கு மனு எழுதி வைத்திருந்தார். மூவரும் உட்கார்ந்து ஒரு தாளில் கூட்டினோம். மருமகன் மனுவைத் திரும்ப எடுத்துக் கொண்டு போனார். மனையை மட்டும் இப்போது வாங்கியிருக்கிறார். கட்டுவதைப் பிறகு பார்க்கலாம் என்று சொல்லியிருக்கிறார்.

உங்கள் வீட்டிலும் அப்படி ஒரு தாள் போதும். கடன் மனுவில் கையெழுத்துப் போடும் முன், மாதம் எவ்வளவு என்று கேட்ட பிறகு, மொத்தம் எவ்வளவு என்று இன்னொரு முறை கேளுங்கள். அந்தத் தொகையை வீட்டில் உள்ள பெண்களிடமும் சொல்லுங்கள். நெருக்கடி வரும்போது அவர்களின் நகைதான் முதலில் அடகுக் கடைக்குப் போகிறது.